தம் முகத்தைக் கண்ட ஹாஜி ஆகா

ஒருவருடைய மனத்தை மாற்ற விரும்புகிறவர், அவருக்குத் தெரியாமல் அவரைப் படம்பிடிக்கலாமா? 1933-ஆம் ஆண்டில் ஈரானின் தலைநகரான தெஹ்ரானில் எடுக்கப்பட்ட ஓர் ஊமைப்படம் இந்த வினாவை நம்முன் வைக்கிறது. வைத்துவிட்டு, விடை கூறாமலே முடிந்தும் விடுகிறது. படத்தின் பெயர் ‘ஹாஜி ஆகா, ஆக்டோர்-எ சினிமா’. ‘சினிமா நடிகர் ஹாஜி ஆகா’ என்று தமிழில் சொல்லலாம். ஈரான் மண்ணில் எடுக்கப்பட்டு இன்றும் காணக் கிடைக்கும் மிகப் பழைய கதைப்படங்களுள் இதுவும் ஒன்று. இதை இயக்கியவர் ஒவானெஸ் ஒஹானியன். படத்திற்குள் வரும் இயக்குநராக நடித்தவரும் அவரே.

தொழில்நுட்ப நோக்கில் இது குறைபாடுகள் மலிந்த படம் என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்ள வேண்டும். ஆயினும் சமய வாழ்வில் ஊறிய ஒருவர் திரைக்கலையைச் சந்திக்கும் கணத்தை இத்துணைத் தொடக்கத்திலேயே தனக்குப் பொருளாகக் கொண்ட படங்கள் உலகில் மிகச் சில. ஆகவே இதைப் பழம்பொருட்காட்சியில் வைத்து வியப்பதோடு நில்லாமல், ஓர் உயிருள்ள படைப்பாகவே எடுத்து ஆராய விரும்புகிறேன்.

படைத்தவர்

ஒஹானியன் ஆர்மேனிய இனத்தவர். உருசிய நாட்டில் திரைக்கலையைப் பயின்றவர். ஈரான் வந்தபோது அந்நாட்டில் திரையரங்குகள் இருந்தன. வெளிநாட்டுப் படங்கள் ஓடின. ஆனால் ஈரானியர் எடுத்த கதைப்படம் ஒன்றுகூட இல்லை. நடிக்கத் தெரிந்தவர்களும் இல்லை. எனவே அவர் முதலில் படம் எடுக்க முற்படவில்லை, பள்ளி ஒன்றைத் தொடங்கினார். 1930-ஆம் ஆண்டளவில் தெஹ்ரானில் அவர் நடத்திய நடிப்புப் பள்ளியே ஈரானின் முதல் திரைப்படக் கல்விக்கூடம். அங்குப் பயின்றவர்களைக் கொண்டே ‘ஆபியும் ராபியும்’ என்னும் நகைச்சுவைப் படத்தை உருவாக்கினார். டென்மார்க் நாட்டில் புகழ்பெற்றிருந்த நெட்டை, குட்டை இணையரைப் பின்பற்றியது அப்படம். 1931 சனவரியில் தெஹ்ரானின் மாயாக் திரையரங்கில் அது திரையிடப்பட்டது. மறு ஆண்டே அதே அரங்கில் மூண்ட தீயில் அதன் ஒரே பிரதியும் எரிந்துபோயிற்று.

ஈரானின் முதல் முழுநீளக் கதைப்படம் இப்படிச் சாம்பலானபின் அவர் எடுத்த இரண்டாவது படமே ஹாஜி ஆகா. முதற் படத்தில் சிரிப்பு ஒன்றே அவருடைய நோக்கமாயிருந்தது. இரண்டாம் படத்தில் வழக்குரைஞராக மாறுகிறார். தம் கலையைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றி, அதன் சார்பாகத் தாமே வாதாடுகிறார். திரையரங்குகள் நிறைந்தாலும் அங்குச் செல்வது இழுக்கு என்று எண்ணியோர் அச்சமுதாயத்தில் பலர். 1905-ஆம் ஆண்டளவில் தெஹ்ரானில் தொடங்கப்பட்ட முதல் பொதுத் திரையரங்கு சிறிது காலத்திலேயே மூடப்பட்டுவிட்டது. அந்த எதிர்ப்பை வாதத்தால் வெல்ல இயலாது என்று ஒஹானியன் கண்டார் போலும். ஒரு கதையால் வெல்லத் துணிந்தார்.

கதை

இயக்குநர் ஒருவர் படமெடுக்கக் கரு தேடித் தவிக்கிறார். அவருக்கு ஒரு யோசனை சொல்லப்படுகிறது. ஹாஜி ஆகா என்றொரு செல்வர் இருக்கிறார், பழைமையில் பிடிப்புடையவர், சினிமாவை வெறுப்பவர். அவரையே, அவர் அறியாவண்ணம் படம்பிடித்தால் என்ன? இந்தச் சூழ்ச்சிக்கு ஹாஜியின் மகளும் மருமகனும் உடன்படுகிறார்கள். வேலைக்காரனும் சேர்ந்துகொள்கிறான். ஹாஜியின் கைக்கடிகாரமோ சட்டைப்பைக் கடிகாரமோ, ஒரு கடிகாரம் காணாமற் போகிறது. வேலைக்காரன்மேல் ஐயம் எழுகிறது. அவனைத் துரத்திக்கொண்டு பெரியவர் ஓடுகிறார், திரிகிறார், விந்தையான இடங்களில் மாட்டிக்கொள்கிறார். அத்தனையையும் ஒளிந்திருக்கும் காமிரா பதிவு செய்கிறது. முடிவில் அவரைத் திரைக்கு முன் அமர்த்துகிறார்கள். ஹாஜி ஆகா திரையில் ஹாஜி ஆகாவைக் காண்கிறார். அவருடைய வெறுப்பு கரைகிறது. சினிமா நல்லது என்று ஏற்றுக்கொள்கிறார்.

ஹாஜியாக நடித்த ஹபீபுல்லா முராத்தே படத்தின் உயிர்நாடி. சுற்றியிருப்போர் அனைவரும் இரகசியத்தை அறிந்தவர்கள். அதனால் அவர்களுடைய முகங்களில் எப்பொழுதும் ஒரு கள்ளத்தனம் உண்டு. அவர் மட்டும் முழு நேர்மையோடு இருக்கிறார். கடிகாரம் போனதற்காக உண்மையாகவே வருந்துகிறார், உண்மையாகவே சினம் கொள்கிறார். மகளாக நடித்தவர் ஆசியா கொஸ்தானியன் என்னும் ஆர்மேனியப் பெண். இயக்குநரின் சொந்த மகள் ஸெமாவும் நடித்திருக்கிறார். இசுலாமியக் குடும்பத்துப் பெண்கள் திரையில் தோன்றுவது எண்ணிப் பார்க்கவும் முடியாததாயிருந்த காலம் அது. தந்தை ஒருவருடைய தயக்கத்தை எள்ளும் படத்தில், இயக்குநர் தம் சொந்த மகளை நிறுத்தியது குறிப்பிடத்தக்கது. பிறர் வீட்டுப் பெண்ணிடம் கேட்பதற்கு முன் அவர் தம் வீட்டிலிருந்தே தொடங்கினார்.

யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?

படத்தின் பெயரையே சற்று உற்று நோக்குவோம். மக்காவிற்குத் திருப்பயணம் சென்று வந்தவரை மதித்து அழைக்கும் சொல் ‘ஹாஜி’. நம் ஊர்களிலும் ‘ஹாஜியார்’ என்று அழைக்கக் கேட்டிருக்கிறோம். ‘ஆக்டோர்’ என்பதோ பிரெஞ்சு மொழியிலிருந்து பாரசீகம் கடன் வாங்கிய புதுச்சொல். இவை இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்த உடனேயே தெஹ்ரான் மக்களுக்குச் சிரிப்பு வந்திருக்கும். பெயரே பாதி நகைச்சுவை. சினிமாவைப் பற்றிய விவாதம் முழுவதையும் அந்தப் பெயர் தன்னுள் அடக்கிக்கொண்டிருக்கிறது.

ஆனால் அந்தச் சிரிப்பு எப்பக்கம் சாய்ந்தது என்பதையும் எண்ணிப் பார்க்கவேண்டும். அன்று ஈரானை ஆண்டவர் ரெஸா ஷா. 1925 முதல் 1941 வரை அவர் ஆட்சி நிலவியது. 1928-இல் ஆண்கள் மேனாட்டு முறையில் உடையணிய வேண்டும் என்று சட்டம் இயற்றினார். 1936-இல் பெண்கள் முக்காடு அணிவதற்கே தடை விதித்தார். பழைமையில் பிடிப்புடைய ஒருவர் வீட்டில் மட்டுமன்றித் தெருவிலும் தம்மை மாற்றிக்கொள்ளுமாறு நெருக்கப்பட்ட காலம் அது. அத்தகைய நாளில் ஹாஜி ஆகாவைப் பார்த்துச் சிரிப்பதற்குப் பெருந்துணிவு ஒன்றும் தேவைப்படவில்லை. அச்சிரிப்பு அதிகாரத்தின் பக்கமே நின்றது. எளியோர் வலியோரைப் பார்த்துச் சிரிப்பது ஒரு வகை. காவலர் துணையோடு சிரிப்பது வேறு வகை. நல்ல நகைச்சுவைக்கு இந்த வேறுபாடு தெரிந்திருக்கவேண்டும். ஒஹானியனுக்கு இது தெரிந்ததாகத் தோன்றவில்லை. அல்லது, சிறுபான்மை இனத்தவராகிய அவருக்குப் புதிய அரசின் நிழல் ஒன்றே பாதுகாப்பாகத் தோன்றியிருக்கலாம். அதையும் நாம் நினைவில் கொள்வது நியாயம்.

எனினும் படம் ஹாஜியின் சமயத்தைப் பழிக்கவில்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். கதையில் சோதனைக்குள்ளாவது அவருடைய இறைநம்பிக்கை அன்று. தாம் பார்த்தறியாத ஒன்றைப் பற்றி அவர் கொண்டிருந்த உறுதியே.

ஒளிந்திருக்கும் காமிரா

இனி முதல் வினாவிற்கு வருவோம். ஹாஜியின் இசைவு கேட்கப்படவில்லை. மகளும் மருமகனும் வேலைக்காரனும் ஒன்றுகூடி, தம் வீட்டுத் தலைவரை ஒரு காட்சிப் பொருளாக்குகிறார்கள். பொய்யான இழப்பு ஒன்றை உண்டாக்கி அவரை ஓட விடுகிறார்கள். சினிமா மனிதரை ஏமாற்றுகிறது, குடும்பத்தில் மறைவையும் சூதையும் நுழைக்கிறது என்று ஹாஜி அஞ்சியிருப்பாரேயானால், படம் அந்த அச்சத்தைப் பொய்யாக்கவில்லை. வரிக்கு வரி மெய்ப்பித்தே காட்டுகிறது! சினிமா தீங்கற்றது என்று நிறுவுவதற்காகச் சினிமாவின் பெயரால் ஒரு தீங்கு செய்யப்படுகிறது. படத்தில் வரும் இயக்குநருக்கு இது உறைக்கவே இல்லை. இறுதியில் மனம் மாறுகிறவர் ஹாஜி மட்டுமே. இயக்குநர் மன்னிப்புக் கேட்பதில்லை. கேட்கவேண்டும் என்று படமும் கருதவில்லை.

தாவீது அரசருக்கு நாத்தான் சொன்ன ஆட்டுக்குட்டிக் கதை இவ்விடத்தில் நம் வாசகர்க்கு நினைவு வரும். அதுவும் ஒருவருக்கு அவருடைய முகத்தையே காட்டிய கதைதான். ஆனால் நாத்தான் அரசரின் எதிரில் நின்று, தம் உயிரையே பணயம் வைத்துச் சொன்னார். இங்கோ இயக்குநர் கருவிக்குப் பின்னால் மறைந்து நிற்கிறார். உண்மை ஒன்றாயிருப்பினும், அதைச் சொல்கிறவர் எங்கே நிற்கிறார் என்பதைப் பொறுத்து அதன் தகுதி மாறுகிறது.

இவ்வளவு கூறிய பின்னும் கடைசிக் காட்சியின் ஆற்றலை என்னால் மறுக்க இயலவில்லை. எந்த அறிவுரையும் ஹாஜியை மாற்றவில்லை. சினிமாவின் பயன் பற்றி மருமகன் ஆயிரம் பேசியிருந்தாலும் அவர் செவிசாய்த்திருக்கமாட்டார். தம்மைத் தாமே பார்த்ததுதான் மாற்றியது. இதை வெறும் தற்பெருமை என்று தள்ளிவிடலாம். திரையில் தம் உருவம் பெரிதாய்த் தெரிந்ததும் கிழவர் மயங்கிவிட்டார் என்று சிலர் சொல்லக்கூடும். நானும் முதலில் அவ்வாறே எண்ணினேன். பின்னர் என் வாழ்வில் நேர்ந்த ஒன்று நினைவுக்கு வந்தது.

சில ஆண்டுகளுக்கு முன் பங்குத் திருவிழாவை எங்கள் இளைஞர் ஒருவர் படம்பிடித்திருந்தார். தேர்ப்பவனி முடிந்து மக்கள் கலையும் காட்சியின் ஓரத்தில் நான் நின்றுகொண்டிருந்தேன். மூதாட்டி ஒருவர் என்னிடம் ஏதோ சொல்ல வருகிறார். நான் அவர் முகத்தைக்கூடப் பார்க்காமல், கையை அசைத்து அப்பால் அனுப்புகிறேன். படம் எடுத்தவர் அதைக் குறிவைத்து எடுக்கவில்லை. பார்த்துக்கொண்டிருந்தவர் எவரும் அதைக் கவனிக்கவும் இல்லை. அன்று எல்லாரிடமும் கனிவாக நடந்துகொண்டதாகவே நான் அதுவரை எண்ணியிருந்தேன். மறுநாள் அவருடைய வீட்டுக்குச் சென்று அதைச் சொன்னேன். “அப்படியா சாமி? எனக்கு நினைவில்லையே” என்றார். மறந்துதான் போனாரா, மறந்ததுபோல் பேசினாரா என்று இன்றளவும் எனக்குத் தெரியாது.

ஆகவே ஹாஜி ஆகா திரையின்முன் அமர்ந்து தம்மைக் காணும்போது, அவரிடம் நிகழ்வது தற்பெருமை மட்டுமே என்று இப்போது என்னால் சொல்ல முடியவில்லை. வேலைக்காரன்மேல் ஐயங்கொண்டு ஓடும் ஒரு மனிதரை அவர் பார்க்கிறார். பிறர் கண்களுக்குத் தாம் எப்படித் தெரிகிறோம் என்பதை வாழ்நாளில் முதன்முறையாகக் காண்கிறார். அதைக் கண்டு சினந்து எழுந்து போகவில்லை. சிரிக்கவும் ஏற்கவும் அவரால் முடிகிறது. படத்தில் உள்ள அனைவரிலும் பெருந்தன்மை உடையவர் அவரே. அவரை எள்ள எடுத்த படம், தன்னையும் அறியாமல் அவரை உயர்த்திவிட்டது.

தோல்வியும் அதன் காரணமும்

படம் மக்களிடம் எடுபடவில்லை. அதற்கு ஒஹானியனின் குறைகள் ஒரு காரணம். காலம் மற்றொரு காரணம். அதே 1933-இல் ‘லோர் இனப் பெண்’ என்னும் பாரசீகப் பேசும்படம் தெஹ்ரானுக்கு வந்து சேர்ந்தது. கதை எழுதி நாயகனாகவும் நடித்தவர் அப்துல் ஹுசைன் செபந்தா. நாயகி குல்நாராக வந்தவர் ரூஹங்கீஸ் சாமிநெஜாத். திரையில் தம் தாய்மொழியைக் கேட்ட மக்கள் திரண்டு சென்றார்கள். அந்தக் குரலின்முன் ஊமைப்படம் எம்மாத்திரம்!

இவ்விடத்தில் நமக்கும் ஒரு தொடர்பு உண்டு. ‘லோர் இனப் பெண்’ ஈரானில் எடுக்கப்பட்டதன்று. பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனியில் உருவானது. இந்தியாவின் முதல் பேசும்படமாகிய ‘ஆலம் ஆரா’வை 1931-இல் எடுத்தவர் அவர்தாம். எச். எம். ரெட்டி இயக்கத்தில் டி. பி. ராஜலட்சுமி நடித்து அதே ஆண்டு வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படம் ‘காளிதாஸ்’ உருவானதும் அவருடைய தயாரிப்பில்தான். தமிழும் பாரசீகமும் திரையில் முதன்முதலாக வாய் திறந்தது ஒரே கூரையின்கீழ் என்பது நம்மில் பலர் அறியாத செய்தி. நம் மொழிக்குக் குரல் தந்த நிறுவனமே, இரண்டாண்டுகள் கழித்து ஹாஜி ஆகாவின் ஊமை முகத்தை மறக்கச் செய்தது.

வெற்றி பெற்ற படமும் தன் நாயகிக்கு நன்மை செய்யவில்லை. பேசும்படத்தில் தோன்றிய முதல் ஈரானியப் பெண் என்பதற்காக ரூஹங்கீஸ் பழிச்சொற்களுக்கு ஆளானார். திரைத்துறையை விட்டு விலகி, பொதுக்கண்ணுக்கு மறைந்தே வாழ்ந்தார். ஹாஜி ஆகாக்கள் எல்லாரும் படத்தில் வருபவரைப்போல் மனம் மாறிவிடவில்லை என்பதற்கு அவருடைய வாழ்வே சான்று. ஒஹானியனும் பின்னர் இந்தியாவுக்குப் புறப்பட்டார். சில காலம் கல்கத்தாவில் இருந்தார். ஈரான் திரும்பிய பின்னும் பழைய வாய்ப்பு அவருக்குக் கிட்டவில்லை. 1937-க்குப் பின் ஏறத்தாழப் பத்தாண்டுக் காலம் பாரசீகக் கதைப்படமே வெளிவரவில்லை.

படத்திற்குப் பின் வந்த விடைகள்

ஹாஜி ஆகாவின் வழக்கு அத்தோடு முடிந்துவிடவில்லை. புரட்சிக்கு முந்திய மாதங்களில் ஈரானில் பல திரையரங்குகள் கொளுத்தப்பட்டன. 1978 ஆகஸ்டில் அபாதான் நகரின் ரெக்ஸ் திரையரங்கு தீக்கிரையானபோது ஏறக்குறைய நானூறு பேர் மாண்டார்கள். 1979 பிப்ரவரியில் நாடு திரும்பிய அயத்துல்லா கொமேனி, தாம் சினிமாவுக்கு எதிரியல்லர், அது தவறாகப் பயன்படுத்தப்படுவதற்கே எதிரி என்னும் பொருள்படப் பேசினார். திருத்தந்தை பதினோராம் பத்திநாதர் 1936-இல் திரைப்படம் பற்றி விடுத்த சுற்றுமடலிலும், தீமைக்கு எதிரான எச்சரிக்கையோடு கலையின் நற்பயன் பற்றிய எதிர்பார்ப்பும் இணைந்திருந்தது. தொலைவில் நிற்கும் சமயங்களும் ஒரே கேள்வியின்முன் ஏறக்குறைய ஒரே இடத்தில் வந்து நின்றிருக்கின்றன.

இதனினும் வியப்பான விடையைத் தந்தவர் மொஹ்சென் மக்மல்பாஃப். திரையரங்குக்குச் செல்வதைப் பாவமெனக் கருதிய சூழலில் வளர்ந்தவர் அவர். இளமையில் ஷாவின் ஆட்சியை எதிர்த்துக் காவலர் ஒருவரைத் தாக்கிச் சிறை சென்றார். புரட்சிக்குப்பின் அவரே படமெடுக்கத் தொடங்கி, உலகறிந்த இயக்குநரானார். 1992-இல் அவர் எடுத்த ஒரு படத்தின் பாரசீகப் பெயர் ‘நாசருத்தீன் ஷா, ஆக்டோர்-எ சினிமா’. அதில் அரசர் ஒருவர் திரையில் தோன்றும் குல்நார்மீது மையல் கொண்டு, அரியணை மறந்து நடிகராக முற்படுகிறார். பெயரைக் கேட்டவுடனேயே ஒஹானியனுக்குச் செலுத்திய வணக்கம் அது என்று விளங்கும். மனம் மாறிய ஹாஜி ஒருவர், மனம் மாறிய ஹாஜியின் கதையை நினைவுகூர்ந்த படம் அது.

ஒளிந்திருக்கும் காமிரா பற்றிய வினாவுக்கோ 1990-இல் அப்பாஸ் கியாரொஸ்தமி தம் ‘குளோஸ்-அப்’ படத்தில் ஒரு விடை தேடினார். தம்மை மக்மல்பாஃப் என்று சொல்லி ஒரு குடும்பத்தை ஏமாற்றிய ஏழை மனிதரைப் பற்றிய உண்மை நிகழ்ச்சி அது. கியாரொஸ்தமி நீதிமன்றத்தின் அனுமதி பெற்றுக் காமிராவை வெளிப்படையாக வைத்தார். எந்தக் காமிரா எதற்காக என்று அம்மனிதரிடமே விளக்கினார். கடைசிக் காட்சியில் உண்மையான மக்மல்பாஃப் வந்து அவரைச் சந்திக்கிறார். படக்குழு தொலைவில் ஒரு வண்டியிலிருந்து எடுக்கிறது. அப்போது ஒலி அறுந்து அறுந்து போகிறது. அழுகின்ற அம்மனிதருக்கு மக்மல்பாஃப் என்ன ஆறுதல் சொன்னார் என்பது நமக்கு முழுமையாகக் கேட்பதில்லை. ஒருவர் உடைந்து அழும்போது அருகிலிருந்து கேட்கும் உரிமை நமக்கு இல்லை என்று படமே கதவைச் சற்றுச் சாத்துவதுபோல் இருக்கிறது. ஒஹானியனின் காமிராவுக்குத் தெரியாதிருந்த கூச்சம் அது. அதைக் கற்றுக்கொள்ள ஈரானியச் சினிமாவுக்கு ஐம்பத்தேழு ஆண்டுகள் ஆயின.

இன்று எல்லாருடைய சட்டைப்பையிலும் ஒரு காமிரா இருக்கிறது. கோவிலில், சாவு வீட்டில், தெருச் சண்டையில், யாரும் யாரையும் கேட்காமலே படம் எடுக்கிறோம். எடுத்ததை ஊரெங்கும் அனுப்புகிறோம். அதில் அகப்பட்ட எத்தனை பேர் ஹாஜி ஆகாவைப்போல் சிரித்து ஏற்றுக்கொள்வார்கள்? எத்தனை பேர் ரூஹங்கீஸைப்போல் ஒதுங்கி மறைவார்கள்? எடுப்பவருக்கு இது தெரியாது.

ஹாஜி ஆகாவைக் காண வாய்ப்புக் கிடைப்போர் அவசியம் காணுங்கள். சிரிக்கவேண்டிய இடங்களில் தாராளமாகச் சிரியுங்கள். கடைசிக் காட்சி வரும்போது மட்டும், பெரியவரைப் பார்த்துவிட்டு, அவருக்கு அருகிலே வெற்றி முகத்தோடு இருக்கும் மற்றவர்களையும் ஒருமுறை பாருங்கள். அவர்களை யார் படம்பிடித்துக் காட்டப் போகிறார்கள்?